வாள் போனது, வணக்கம் நின்றது

பிரேசில் என்றதும் நமக்குக் கால்பந்துதான் நினைவுக்கு வரும். ஆனால், ஒலிம்பிக்கில் அந்நாட்டுக்கு ஆக அதிகப் பதக்கங்களை வாங்கித் தந்த விளையாட்டு எது தெரியுமா? ஜூடோ!

ஜப்பானியக் கலை அங்கே எப்படிப் போய்ச் சேர்ந்தது?

1876ல் ஜப்பானிய அரசு, சாமுராய்கள் பொது இடங்களில் வாள் அணியத் தடை விதித்தது. போர்வீரர்களின் காலம் முடிந்தது. அவர்களின் மற்போர்க் கலையான ஜூஜுட்சுவும் மவுசு இழந்தது. அதைக் கற்ற ஜிகோரோ கானோ என்ற இளைஞர், ஆபத்தான பிடிகளைத் தவிர்த்துப் பயிற்சி முறையை மாற்றினார். 1882ல் தோக்கியோவில் ஒரு புத்தர் கோயிலில், 12 பாய் விரித்த கூடத்தில் ஜூடோ பிறந்தது.

1908ல் 'கசாத்தோ மாரு' கப்பலில் 781 ஜப்பானியர்கள் பிரேசிலின் சாந்தோஸ் துறைமுகத்தில் வந்திறங்கினர். காப்பித் தோட்ட வேலை. நாலு காசு சேர்த்துக்கொண்டு ஊர் திரும்பலாம் என்ற கனவு. பலருக்கு அது நிறைவேறவில்லை. அங்கேயே தங்கியவர்கள் தம் பிள்ளைகளுக்கு ஜூடோவும் கெண்டோ வாள்பயிற்சியும் சொல்லிக்கொடுத்தார்கள். இரண்டாம் உலகப் போரின்போது பொது இடத்தில் ஜப்பானிய மொழி பேசவே அங்கு தடை வந்தது.

வெளியாருக்குக் கற்றுக்கொடுத்தால் நம்முடையது கைவிட்டுப் போய்விடுமோ? குடியேறிய எந்தச் சமூகத்துக்கும் இந்தப் பயம் உண்டு. ஆனால், அவர்களின் பயிற்சிக்கூடக் கதவு மற்றவர்களுக்கும் திறந்தது.

1964 தோக்கியோ ஒலிம்பிக் அணியில் இடம் கிடைக்காத சியாக்கி இஷி, அதே ஆண்டு பிரேசிலுக்குக் குடிபெயர்ந்தார். 1972ல் மியூனிக்கில் பிரேசிலுக்காக வெண்கலம் வென்றார். ஜூடோவில் அந்நாட்டின் முதல் ஒலிம்பிக் பதக்கம் அது.

ரஃபேலா சில்வா ஜப்பானியக் குடும்பத்துப் பிள்ளை அல்லர். ரியோவின் ஏழ்மையான குடியிருப்பில் வளர்ந்த கறுப்பினப் பெண். 2012 லண்டன் ஒலிம்பிக்கில் விதிமீறலுக்காக அவர் வெளியேற்றப்பட்டபோது, சமூக ஊடகங்களில் இனவெறி வசவுகள் குவிந்தன. 2016ல் சொந்த ஊரில் தங்கம் வென்றார்.

"தானும் பிறரும் சேர்ந்து தழைப்பது" என்பதே கானோ வகுத்த கொள்கை. அதனால்தானோ என்னவோ, சாமுராயின் வாள் அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டது. எதிராளிக்குக் குனிந்து சொல்லும் வணக்கமோ ரியோவின் சந்துகளிலும் உயிரோடிருக்கிறது.

அடுத்த முறை உங்கள் பிள்ளை பயிற்சிக்கூடத்தில் குனிந்து வணங்கும்போது, அந்த வணக்கம் கடந்து வந்த தூரத்தையும் கொஞ்சம் சொல்லுங்கள்.