கொரியர் சுடும் இறைச்சி அடை

கடையில் வாங்கும் சொசேஜை இன்று சிறுவர் பெரிதும் விரும்புகின்றனர். அதனுள் இறைச்சி எவ்வளவு, மாவு எவ்வளவு என்பது பொதியின்மேல் அச்சிட்ட சிற்றெழுத்தைத் தேடிப் படித்தாலன்றித் தெரிவதில்லை. உறையும் இயந்திரமுமின்றிக் கையாலேயே பிசைந்து தட்டிச் சுடும் இறைச்சி அடையொன்று கொரிய நாட்டிலே உண்டு. குடலுறையில் அடைத்து அவிக்கும் சூந்தே என்னும் பண்டமும் அவர்களிடம் இருக்கிறது. ஆயின் நாம் இங்கு கூறவந்தது தொக்கல்பியைப் பற்றியே.

கல்பி என்பது விலாவெலும்போடு கூடிய இறைச்சி. தொக் என்பது அரிசிப் பலகாரம். அடையின் வடிவம் பலகாரத்தை ஒத்திருப்பதால் இப்பெயர் வந்தது என்பர் சிலர். அவித்த அரிசியை அடித்துப் பலகாரமாக்குவதுபோல இறைச்சியையும் அடித்துச் செய்வதால் வந்தது என்பர் வேறு சிலர். சமையலறைக்கு உதவுவது இரண்டாவது விளக்கமே. எலும்பைக் கையிலேந்திக் கடிப்பது அரசனுக்கு அழகன்று என்று இவ்வுணவைப் படைத்தனர் என ஒரு கதையும், பல்லிழந்த பெற்றோருக்காகப் பிள்ளைகள் சமைத்தனர் என மற்றொரு கதையும் வழங்குகின்றன. பின்னதே நம் மனத்துக்கு இசைகிறது. பல்லில்லாதோர் எவ்வூரிலும் இருந்திருப்பரன்றோ?

தென் ஜொல்லா மாகாணத்திலே மூங்கிற் காடுகளுக்குப் பெயர்பெற்ற தம்யாங்கில், மாட்டின் விலா இறைச்சியைக் கொத்திச் சுவையூட்டி, மீண்டும் எலும்பின்மேல் அப்பிச் சுடுவர். அயலிலுள்ள குவாங்ஜூ நகரின் சோங்ஜோங் பகுதியிலோ மாட்டிறைச்சியோடு பன்றியிறைச்சியையும் கலப்பர். அங்கே இவ்வுணவுக்கென்றே ஒரு தெரு இருக்கிறது. பன்றியெலும்பு இரசமும் உடன் வரும். வீட்டில் முயல்வோருக்கு எளியது இந்தச் சோங்ஜோங் முறையே.

நம்மவர் கட்லட்டுக்கு உருளைக்கிழங்கும் பாண்தூளும் தேடுவர். இதற்கு அவை வேண்டியதில்லை. அப்படியாயின் அடை உதிராமல் நிற்பது எங்ஙனம்? சோயா சோஸிலுள்ள உப்பு, தசையிலிருந்து மயோசின் என்னும் புரதத்தைக் கரைத்து வெளிக்கொணர்கிறது. பிசையப் பிசைய அது பசைபோலாகித் துணுக்குகளைப் பிணைக்கிறது. சூடேறியதும் இறுகி, நீரையும் கொழுப்பையும் உள்ளே தாங்கிக்கொள்கிறது. ஆகவே ஐந்தாறு நிமிடமாவது ஒரே திசையில் நன்கு பிசைந்து, கலவையை வாரிப் பாத்திரத்தில் ஓங்கி அடிக்கவேண்டும். உள்ளங்கையில் ஒட்டவைத்துக் கையைக் கவிழ்த்தால் விழாதிருப்பதே பதம். இறைச்சி குளிர்ந்திருத்தல் மிக அவசியம். கையின் சூட்டிலே கொழுப்பு இளகிவிட்டால் பிணைப்பு கெடும். நம் நாட்டு வெப்பத்திலே பாத்திரத்தின் கீழ் பனிக்கட்டி வைத்துக்கொள்வது நல்லது.

கொத்திய மாட்டிறைச்சி 300 கிராம், சிறிது கொழுப்போடு கூடிய பன்றியிறைச்சி 200 கிராம், சோயா சோஸ் 3 மேசைக்கரண்டி, சீனி ஒன்றரை மேசைக்கரண்டி, அரைத்த உள்ளி 1 மேசைக்கரண்டி, பொடியாக அரிந்த வெங்காயத்தாள் 2 மேசைக்கரண்டி, மிளகுதூள் அரைத் தேக்கரண்டி. துருவிப் பிழிந்த பேரிக்காய்ச் சாறு 2 மேசைக்கரண்டி போதும். அதற்கு ஈடாக அன்னாசியையோ பப்பாசியையோ சேர்த்தால் இறைச்சி கூழாகிவிடும். நல்லெண்ணெய் 1 மேசைக்கரண்டி. கொரியரின் எண்ணெய் வறுத்த எள்ளில் ஆட்டியது. நம் எண்ணெய்க்கு அம்மணம் இல்லை. ஒரு கரண்டி எள்ளை வறுத்துப் பொடித்துச் சேர்த்தால் குறை தீரும். தனியே உப்பு வேண்டா.

பிசைந்த கலவையை ஒரு மணி நேரம் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தெடுத்து, எட்டுப் பங்காக்குக. ஒவ்வொன்றையும் இரு கைகளுக்கிடையே மாறிமாறி வீசிக் காற்றை நீக்கி, விரற்பருமனில் தட்டி, நடுவிலே சிறிது அழுத்திவிடுக. வேகும்போது நடுப்பகுதி உப்பும். கரியடுப்பில் சுடுவதே அவர்கள் முறை. எண்ணெய் தடவிய தோசைக்கல்லும் உதவும். சீனி விரைவிற் கருகுமாதலால் தீ மெல்லியதாக இருக்கட்டும். இரு புறமும் சிவந்தபின் மூடிவைத்து வேகவிடுக.

முழு இறைச்சித் துண்டில் நோய்க்கிருமிகள் பெரும்பாலும் மேற்பரப்பிலேயே தங்கும். கொத்தும்போது உள்ளெங்கும் கலந்துவிடும். எனவே அடையின் நடுவில் 71 பாகை செல்சியஸ் வெப்பம் ஏறவேண்டும். சோயா சோஸ் முன்பே பழுப்பேற்றிவிடுவதால் நிறத்தை நம்பலாகாது. சமையல் வெப்பமானி ஒன்றை வாங்கிக்கொள்க. மெல்லுணவென்று இதனை முதியோருக்கும் குழந்தைகளுக்குமே முதலிற் பரிமாறுவோம். வேகாத இறைச்சியால் மிகுதியும் துன்புறுவோரும் அவர்களே.

சுடுசோற்றோடும் கிம்ச்சியோடும் உண்பது கொரிய வழக்கம். சுடாத அடைகளை இடையிடையே தாளிட்டு உறையவைத்தால், பாடசாலை நாட்களில் காலை வேலை குறையும்.