தபால் பெட்டியில் கிடந்த டெண்டர்



பள்ளிக்கூடச் சிற்றுண்டிச்சாலையை நடத்த ஆள் தேவை, சாலையோரப் புல் வெட்டக் குத்தகையாளர் தேவை என்று அறிவிப்புகள் வெளிவருவதை நாம் பார்த்திருக்கிறோம். இதைத்தான் டெண்டர் என்கிறோம். விருப்பமுள்ளவர் தம் விலையை எழுதி, உறையிலிட்டு ஒட்டி, குறித்த நேரத்துக்குள் சேர்த்துவிட வேண்டும். நம் தோட்டத்துப் பிள்ளைகளிலும் சிலர் பழைய லாரி ஒன்றை வாங்கிக்கொண்டோ, சமையல் தெரிந்த தாயாரைத் துணைக்கு வைத்துக்கொண்டோ இதில் இறங்குகிறார்கள். அப்பா வாங்கிய சேமநிதிப் பணமும் அம்மாவின் சங்கிலியும் அந்த உறைக்குள் போய்விடுகின்றன என்றே சொல்லலாம்.

அந்த உறையை அலுவலகத்தார், “நேரம் கடந்து வந்தது” என்று தள்ளிவிட்டால் என்ன செய்வது? நம்மில் பலர் தலையெழுத்து என்று திரும்பிவிடுவோம். இங்கிலாந்தில் ஒரு விமானக் கழகம் அப்படித் திரும்பவில்லை.

பிளாக்பூல் என்பது அந்நாட்டின் கடலோர நகரம். அதன் விமான நிலையம் நகர மன்றத்துக்குச் சொந்தமாக இருந்தது. உல்லாசப் பயணிகளை விமானத்தில் ஏற்றிச் சுற்றிக் காட்டும் உரிமையை மன்றம் குத்தகைக்கு விட்டுவந்தது. அந்தக் கழகம்தான் 1975 முதல் அதைப் பெற்றுவந்தது. 1983இல் மீண்டும் டெண்டர் கேட்டபோது, மார்ச் 17ஆம் தேதி நண்பகல் 12 மணிக்குள் வந்து சேர வேண்டும், பிந்தி வருவது பரிசீலிக்கப்படாது என்று மன்றம் எழுதியிருந்தது. கழகத்தார் அன்று காலை 11 மணியளவில் நகர மண்டபத்துத் தபால் பெட்டியில் உறையைப் போட்டார்கள். நண்பகலில் அந்தப் பெட்டியைத் திறந்து கடிதங்களை எடுக்க வேண்டும். அன்றைக்கு யாரும் எடுக்கவில்லை! உறை மறுநாள்தான் கையில் கிடைத்தது; ‘தாமதம்’ என்று ஒதுக்கப்பட்டது. கழகத்தைவிடக் குறைந்த தொகை தர முன்வந்த வேறொரு நிறுவனத்துக்கு உரிமை போயிற்று.

உண்மை தெரிந்ததும் மன்றம் மறுபடியும் டெண்டர் கேட்டது. ஆனால் முதலில் வென்ற நிறுவனம் வழக்குத் தொடரப்போவதாக எச்சரிக்கவே, பழைய முடிவுக்கே திரும்பிவிட்டது. கழகம் நீதிமன்றத்துக்குச் சென்று வென்றது. 1990இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அந்தத் தீர்ப்பையே உறுதிசெய்தது.

நீதிபதி பிங்ஹாம் காட்டிய காரணம் நமக்கு எளிதில் புரியக்கூடியது. விதிகளை எழுதுகிறவர் டெண்டரைக் கேட்பவர். யாருடைய விலையையும் ஏற்காமல் விடவும் அவருக்கு வழியுண்டு. செலவும் அலைச்சலும் மனுப் போடுகிறவருக்கே. ஆகவே, விதிப்படி, நேரத்துக்குள் கொடுத்தவருடைய உறையைப் பிரித்துப் பார்க்க வேண்டிய கடமையாவது கேட்பவருக்கு இருக்கத்தான் வேண்டும். இதைச் சொல்லாமலே ஏற்பட்ட ஓர் ஒப்பந்தம் என்றது நீதிமன்றம். கவனியுங்கள்: பரிசீலிக்கப்படும் உரிமைதான் இது, வேலை கிடைத்தே தீரும் என்ற உரிமை அன்று.

தபால் பெட்டி திறக்கப்படவில்லை என்பது வெளியானதால்தான் கழகம் பிழைத்தது. நாம் நேரில் கொடுத்தால் தேதியும் நேரமும் குறித்த ரசீது கேட்கலாம். பெட்டியில் போடுவதானால் ஒருவரை உடன் அழைத்துச் செல்லலாம். கைத்தொலைபேசியில் படம் பிடித்துக்கொள்ளலாம். யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

தகுதி பற்றிய விதியிலும் இதே வழக்கு உண்டு. 1977இல் பம்பாய் விமான நிலையத்தில் ஓர் உணவகமும் இரண்டு சிற்றுண்டிக் கடைகளும் நடத்த டெண்டர் கேட்டார்கள். குறைந்தது 5 ஆண்டு அனுபவமுள்ள, பதிவுபெற்ற இரண்டாம் தர உணவகக்காரராக இருக்க வேண்டும் என்பது நிபந்தனை. மாதம் 6,666 ரூபாய்க்குச் சற்றுக் கூடுதலாகத் தர முன்வந்தவர்களுக்கு உரிமை கிடைத்தது. அவர்கள் கேண்டீன்கள் நடத்திப் பழகியவர்களே. கேட்ட தகுதி மட்டும் இல்லை. மனுவே போடாத ஒருவர், “அந்த விதி கட்டாயமில்லை என்றால் நானும் போட்டிருப்பேனே” என்று வழக்குத் தொடுத்தார்.

இந்திய உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி பகவதி 1979இல் தீர்ப்பளித்தார். அரசாங்க அமைப்பு தானே அறிவித்த அளவுகோலை மனம்போனபடி மீற முடியாது, தகுதியில்லை என்று ஒதுங்கி நின்றவர்களுக்கு அது அநீதி என்று தெளிவாகச் சொன்னார். மலேசிய நீதிமன்றங்கள் இத்தகைய வெளிநாட்டுத் தீர்ப்புகளுக்குக் கட்டுப்பட்டவையல்ல. எனினும் எடுத்துப் பார்ப்பதுண்டு.

ஆனாலும் வழக்குத் தொடுத்தவர் தோற்றார். டெண்டர் ஏற்கப்பட்டு ஐந்து மாதங்களுக்கு மேல் கழித்தே அவர் நீதிமன்றப் படியேறியிருந்தார். வழக்கில் அவருக்கு உண்மையான அக்கறை இருப்பதாகவும் நீதிமன்றத்துக்குத் தோன்றவில்லை. அதற்குள் மற்றவர்கள் ஏறத்தாழ 1,25,000 ரூபாய் செலவழித்துக் கடைகளுக்கான ஏற்பாடுகளைச் செய்துவிட்டார்கள். உரிமை அவர்களிடமே இருந்தது.