எண்ணும் ஊரும் – 9: செட்டுச் சீட்டு

போன வாரம் இருதுபர்ணனைத் தான்றி மரத்தடியில் விட்டுவிட்டு வந்தோம். மரத்தைப் பார்த்த மாத்திரத்தில் இலை எத்தனை, காய் எத்தனை என்று சொல்லிவிட்ட அரசன். எண்ணும் வித்தையையும் சூதின் சூட்சுமத்தையும் நளனுக்கு அவன் சேர்த்தே கொடுத்தான் என்பதுதான் அந்தக் கதையில் எனக்குப் பிடித்த இடம். நிகழ்தகவும் புள்ளியியலும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள் என்பது அந்தக் கதை கட்டியவனுக்குத் தெரிந்திருக்கிறது.

அதைப் படித்தவர்கள் கேட்ட கேள்வி ஒன்றுதான். இதையெல்லாம் முறையாகப் படிக்க எந்தப் புத்தகம் வாங்குவது? கேட்டவர்களில் கல்லூரி மாணவர்களைவிட ஓய்வு பெற்றவர்கள் அதிகம்.

பதில் சொல்ல உங்களைத் திருவனந்தபுரத்துக்குக் கூட்டிப் போகிறேன். பேக்கரி ஜங்ஷன் பக்கத்தில் கோர்க்கி பவன். பிற்பகல் 3 மணிக்கு அங்கே கேரள அரசு லாட்டரியின் குலுக்கல்.

1967-இல் இந்தியாவிலேயே முதன்முதலாக ஒரு மாநில அரசு லாட்டரிக்கென்று தனித்துறை தொடங்கியது இந்த ஊரில்தான். நிதியமைச்சராக இருந்தவர் பி.கே. குஞ்ஞு. அந்த நவம்பர் 1-இல் சீட்டு வெளிவந்தது. விலை 1 ரூபாய். 1968 ஜனவரி 26-இல் முதல் குலுக்கல். முதல் பரிசு 50,000 ரூபாய். தமிழ்நாட்டில் 2003-இல் லாட்டரிக்குப் பூட்டுப் போட்டாயிற்று. களியக்காவிளையைத் தாண்டினால் கடை திறந்திருக்கிறது. நம்மவர்கள் தாண்டத்தான் செய்கிறார்கள். 2023 ஓணம் பம்பரின் 25 கோடி, தமிழ்நாட்டுக்காரர்கள் கூட்டாக வாங்கிய சீட்டுக்குத்தான் விழுந்தது.

உங்களைச் சீட்டு வாங்கச் சொல்லவில்லை. சீட்டை வாசிக்கச் சொல்கிறேன்.

தம்பானூர் பஸ் ஸ்டாண்ட் வாசலில் ஒருவர். மார்த்தாண்டம் பக்கத்து ஆள். அட்டையில் கிளிப் மாட்டிய சீட்டுகளை விசிறி போல விரித்துக் காட்டினார்.

“செட்டா எடுங்க சாரே.”

“செட்டுன்னா என்னண்ணே?”

“கடைசி நாலு நம்பர் எல்லாத்துலயும் ஒண்ணுபோல இருக்கும். விழுந்தா பன்னெண்டும் விழும். விழலேன்னா பன்னெண்டும் போச்சு.”

இதைவிடச் சுருக்கமாகச் சிதறலுக்கு விளக்கம் சொன்ன பேராசிரியரை நான் பார்த்ததில்லை.

கணக்கை விரித்துப் பார்ப்போம். வாரச் சீட்டில் இரண்டு எழுத்து, பின்னால் ஆறு இலக்கம். 12 தொடர், தொடருக்கு 1,00,000 முதல் 9,99,999 வரை 9 லட்சம் எண். முழுதாக அச்சடித்தால் 1 கோடியே 8 லட்சம் சீட்டு. முதல் பரிசு அதில் ஒன்றுக்கு. அதே எண் உள்ள மற்ற 11 தொடர்ச் சீட்டுக்கும் ‘சமாஸ்வாச சம்மானம்’, அதாவது ஆறுதல் பரிசு. சிறிய பரிசுகளோ கடைசி நான்கு இலக்கத்துக்கு. 0000 முதல் 9999 வரை முடிவு எண்கள் 10,000 என்பதால், குலுக்கலில் வரும் ஒரு முடிவு எண் உங்களுடையதாக இருக்க வாய்ப்பு 10,000-இல் ஒன்று.

ஒரே ஒரு முடிவு எண்ணுக்கு 5,000 ரூபாய் பரிசு என்று வைத்துக்கொள்ளுங்கள். செட்டாக 12 வாங்கினால் 10,000-இல் ஒரு முறை 60,000 ரூபாய் கிடைக்கும். மற்ற 9,999 முறையும் வெறுங்கை. பன்னிரண்டு வேறு வேறு முடிவு எண்களாக வாங்கினால் 10,000-இல் 12 முறை கிடைக்கும். ஆனால் 5,000 மட்டும். இரண்டுக்கும் சராசரி ஒன்றுதான், 6 ரூபாய். சராசரியோடு நிறுத்துகிற புத்தகம் இந்த இரண்டு ஆட்டமும் சமம் என்று சொல்லிவிட்டு அடுத்த பாடத்துக்குப் போய்விடும். அந்த அண்ணாச்சி போகமாட்டார். திட்ட விலக்கம் போட்டுப் பாருங்கள்: செட்டுக்குச் சுமார் 600 ரூபாய், கலந்து வாங்கினால் 173. சராசரி ஒன்று, சிதறல் மூன்றரை மடங்கு. அந்த மூன்றரை மடங்குக்கு ஆசைப்பட்டுத்தான் மனிதர்கள் செட்டு வாங்குகிறார்கள்.

நான் படித்த கல்லூரியின் பெயர் வேண்டாம். அங்கே எங்களுக்கு நிகழ்தகவு கரும்பலகையின் இடது மூலையில் தொடங்கி வலது மூலையில் முடிந்தது. இயல்நிலைப் பரவலின் திருப்புத்திறன் உருவாக்கும் சார்பை உறக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் எழுதுவேன். இரண்டு காப்பீட்டுத் திட்டத்தில் எதை எடுக்கலாம் என்று அப்பா கேட்டபோது என்னால் ஒரு வார்த்தை சொல்ல முடியவில்லை. அப்போது கையில் இருந்தது குப்தா–கபூர். டெல்லி சுல்தான் சந்த் வெளியீடு, 1970-இல் முதல் பதிப்பு. இந்தியாவில் புள்ளியியல் படித்தவர் வீட்டுப் பரணில் இன்னும் இருக்கும், அட்டை கிழிந்து. அந்தப் புத்தகத்தைக் குறை சொல்ல மனம் வரவில்லை. ஆயிரக்கணக்கானோரைத் தேர்வில் கரையேற்றிய தோணி அது. ஆனால் நீந்தக் கற்றுக்கொள்ளத் தோணி உதவாது. கணக்குப் போட்டுப் பழக வேண்டிய கட்டத்தில் அதை எடுங்கள். முதல் புத்தகமாக வேண்டாம்.

எனக்கு வழி காட்டியது பாளையம் பக்கத்துப் பழைய புத்தகக் கடையில் கிடைத்த ஃபெல்லர். வில்லியம் ஃபெல்லர், ஸாக்ரெப்பில் 1906-இல் பிறந்தவர், பிரின்ஸ்டனில் பேராசிரியராக இருந்து 1970-இல் மறைந்தவர். அவருடைய நிகழ்தகவு நூலின் முதல் பாகம் 1950-இல் வந்தது. 1968-இன் மூன்றாம் பதிப்பு வைலி ஈஸ்டர்ன் மலிவுப் பதிப்பாக இந்தியக் கடைகளில் கிடைத்தது. அதில் காசு சுண்டுவதைப் பற்றி மட்டும் ஒரு முழு அத்தியாயம். இரண்டு பேர் 20 தடவை சுண்டுகிறார்கள். தலை விழுந்தால் எனக்கு 1 ரூபாய், பூ விழுந்தால் உங்களுக்கு. பாதி நேரம் நான் முன்னால், பாதி நேரம் நீங்கள் முன்னால் என்றுதானே தோன்றுகிறது? சரிபாதியாக அமைய வாய்ப்பு 6 சதவீதம். இருவரில் ஒருவர் கடைசிவரை ஒருமுறைகூடப் பின்தங்காமலே இருக்க வாய்ப்பு 35 சதவீதம்! நேர்மையான காசுதான். ஆனாலும் ஒருவன் ஜெயித்துக்கொண்டே இருப்பான், மற்றவன் ஜாதகத்தை எடுத்துக்கொண்டு ஓடுவான். அந்தப் பக்கத்தைப் படித்த இரவு நான் உண்மையிலேயே ஒரு காசை எடுத்து நோட்டுப் போட்டுக்கொண்டு சுண்டினேன்.

தம்பானூர் அண்ணாச்சியும் ஒரு நோட்டு வைத்திருக்கிறார். முடிந்துபோன குலுக்கல்களின் முடிவு எண்கள். “ரெண்டு வாரமா நாலுல முடியல, இந்த வாரம் வரும்” என்கிறார். சிதறலை அவ்வளவு அழகாகச் சொன்னவர் இங்கே சறுக்கிவிட்டார். குலுக்கல் சக்கரத்துக்குப் போன வாரம் ஞாபகம் இருக்காது. சொன்னேன். சிரித்துவிட்டு நாலில் முடியும் சீட்டையே நீட்டினார்.

இந்த ஊருக்கு உங்களைக் கூட்டி வந்ததற்கு லாட்டரி மட்டும் காரணமில்லை. சிதறலை ஆராய்ந்த ஒரு பரம்பரையே இங்கே உண்டு. திருவிதாங்கூர்ப் பல்கலைக்கழகம் 1937-இல் தோன்றியது; இன்றைய கேரளப் பல்கலைக்கழகம். அங்கே புள்ளியியலை ஊன்றியவர் யு. சிவராமன் நாயர். 1936-இல் லண்டன் ‘பயோமெட்ரிக்கா’ இதழில் கினியின் சராசரி இடைவெளி பற்றி அவர் எழுதிய கட்டுரையை இன்றும் மேற்கோள் காட்டுகிறார்கள். சராசரியிலிருந்து ஒவ்வொருவரும் எவ்வளவு விலகியிருக்கிறார்கள் என்று பார்ப்பது ஒரு வழி. யாராவது இரண்டு பேரை எடுத்து, அவர்களுக்கு நடுவே சராசரியாக எவ்வளவு இடைவெளி என்று பார்ப்பது இன்னொரு வழி. ஏற்றத்தாழ்வை அளக்க இரண்டாவது வழிதான் மனதுக்கு நெருக்கமானது. மாதிரியிலிருந்து அந்த இடைவெளியை மதிப்பிட்டால் அந்த மதிப்பீடே எவ்வளவு ஆட்டம் காணும் என்பதைத்தான் நாயர் கணக்கிட்டார்.

அடுத்தவர் கே.சி. ஸ்ரீதரன் பிள்ளை. 1920-இல் பிறந்தவர்; இங்கே எம்.எஸ்ஸி. முடித்து இங்கேயே விரிவுரையாளராக இருந்து, 1951-இல் அமெரிக்கா போனார். 1954-இல் வட கரோலினாவில் முனைவர் பட்டம். பிறகு மணிலா, அதன் பின் பர்டூ பல்கலைக்கழகம். உயரம், எடை, ரத்த அழுத்தம் என்று பல அளவுகளை ஒருசேர வைத்து, மூன்று ஊர்க்காரர்கள் உண்மையிலேயே வேறுபட்டவர்கள்தானா என்று எப்படிச் சொல்வது? மொத்தச் சிதறலில் ஊருக்கு ஊர் உள்ள சிதறலின் பங்கு எவ்வளவு என்று பார்க்க வேண்டும். 1955-இல் அவர் எழுதிய கட்டுரையின் வழி வந்த அந்த அளவுக்கு உலகமே ‘பிள்ளைஸ் ட்ரேஸ்’ என்று பெயர் வைத்துவிட்டது. ‘ஆர்’ மென்பொருளில் இந்தச் சோதனையைக் கேட்கும்போது வேறெதையும் குறிப்பிடாவிட்டால், அது தானாக எடுப்பது பிள்ளையின் அளவைத்தான். உளவியல் ஆய்வு செய்யும் மாணவர் எத்தனையோ பேர் அந்தப் பெயரைத் தட்டச்சு செய்கிறார்கள். அது திருவனந்தபுரத்துப் பிள்ளை என்று அவர்களில் எத்தனை பேருக்குத் தெரியுமோ.

மூன்றாமவர் ஏ.எம். மத்தாய். இடுக்கி அரக்குளத்தில் 1935-இல் பிறந்து, பாலாவில் படித்து, 1959-இல் இங்கே புள்ளியியலில் எம்.எஸ்ஸி.; டொராண்டோவில் 1964-இல் முனைவர் பட்டம்; மாண்ட்ரியலின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். 1977-இல் திருவனந்தபுரத்தில் தொடங்கிய கணித அறிவியல் மையத்தின் உயிர்நாடி அவர்தான். ஹான்ஸ் ஹாபோல்டுடன் சேர்ந்து, இயற்பியல், பொறியியல் மாணவர்களுக்காக அவர் எழுதிய நிகழ்தகவு–புள்ளியியல் பாடநூலை டி குரூய்ட்டர் 2018-இல் வெளியிட்டது. இணையத்தில் காசில்லாமல், சட்டப்படி இறக்கிக்கொள்ளலாம். கொஞ்சம் நுண்கணிதம் தெரிந்தவர்கள் யோசிக்காமல் எடுத்துக்கொள்ளலாம். சிரிக்க வைக்காது, ஆனால் எந்தப் படியையும் தாண்டிக் குதிக்காது. தனியே உட்கார்ந்து படிப்பவருக்கு அதுதானே வேண்டும்.

நுண்கணிதமே வேண்டாம் என்பவர்களுக்கு? சோவியத் நாட்டின் மிர் பதிப்பகச் சிறு நூல்கள் ஒரு காலத்தில் இங்கே பிரபாத் புக் ஹவுஸிலும், நம் பக்கம் என்.சி.பி.எச்-சிலும் சில ரூபாய்க்குக் கிடைத்தன. யெலேனா வென்ட்செல் எழுதிய ‘நிகழ்தகவு: முதல் அடிகள்’ ஆங்கிலத்தில் 1982-இல் வந்தது. ஒரு மாலையில் படித்து முடிக்கலாம். அந்த அம்மா ராணுவக் கழகத்தில் கணிதப் பேராசிரியர்; ‘இ. கிரேக்கவா’ என்ற புனைபெயரில் நாவலும் எழுதியவர். ஒய் என்ற எழுத்துக்கு ரஷ்யர்கள் சொல்லும் ‘இக்ரெக்’ என்ற பெயரிலிருந்து பிறந்த புனைபெயர் அது. கதை எழுதத் தெரிந்தவர் கணக்குச் சொன்னால் எப்படி இருக்கும் என்று அதில் பார்க்கலாம். பழைய புத்தகக் கடைகளில் தேடுங்கள்.

ஒரே ஒரு புத்தகம்தான் வாங்க முடியும் என்றால் என் பதில் ஃப்ரீட்மன், பிசானி, பர்வெஸ் மூவரும் சேர்ந்து எழுதிய ‘ஸ்டாடிஸ்டிக்ஸ்’. 1978-இல் முதல் பதிப்பு. குறியீடு மிகக் குறைவு, கேள்விகள் ஏராளம். நிகழ்தகவை அவர்கள் சொல்லும் முறை என்ன தெரியுமா? ஒரு பெட்டி. அதற்குள் எண் எழுதிய சீட்டுகள். கைவிட்டு எடு. கருத்துக்கணிப்பு, மருந்துச் சோதனை, அளவீட்டுப் பிழை என எதை எடுத்தாலும் முதலில் ‘இதற்குரிய பெட்டி எது, உள்ளே என்ன சீட்டு’ என்று கேட்கிறார்கள். கோர்க்கி பவனில் நடப்பதைப் பார்த்தவருக்கு அந்தப் புத்தகம் பாதி படித்ததுபோல.

பெட்டி இந்த ஊர்ப் பிள்ளைகளுக்குப் புதிதும் அல்ல. பூஜப்புரையில் இருக்கும் மாநிலக் கல்வி ஆராய்ச்சி நிறுவனம் தயாரித்த பத்தாம் வகுப்புக் கணிதப் புத்தகத்தில் ‘சாத்யதகளுடெ கணிதம்’ என்று ஒரு பாடம் வந்தது. பெட்டிகளில் கறுப்பு முத்தும் வெள்ளை முத்தும். எந்தப் பெட்டியில் கைவிட்டால் ஜெயிப்பாய் என்றுதான் பிள்ளையைக் கேட்கிறது. வரையறையெல்லாம் அதற்குப் பிறகு. மலையாளம் வாசிக்கத் தெரிந்த கன்னியாகுமரிக்காரர்கள் அதையே முதலில் எடுக்கலாம்.

தமிழ்நாட்டில் பிறந்த பார்த்தசாரதியும் வரதனும் எழுதிய நிகழ்தகவு நூல்கள் உண்டே என்று சிலர் கேட்பார்கள். அவை மலையுச்சிக்கு. நாம் இன்னும் அடிவாரத்தில் செருப்பு மாட்டிக்கொண்டிருக்கிறோம்.

தமிழில் எழுதும் புள்ளியியல் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். பரவற்படி, சமவாய்ப்பு மாறி என்று நல்ல சொற்களைப் பாடநூல்கள் நமக்குப் பழக்கிவிட்டன. பெட்டியையும் சீட்டையும் வைத்து, சராசரிக்கு முன்னால் சிதறலைச் சொல்லும் 150 பக்கப் புத்தகம் ஒன்றை எழுதித் தாருங்கள். தேர்வுக்கு வேண்டாம், படிப்பதற்கு.

வாசகர்களுக்கும் ஒரு வீட்டுப்பாடம். ஒரு காசை 20 தடவை சுண்டி, ஒவ்வொரு தடவையும் யார் முன்னால் என்று குறித்து, அந்தத் தாளை எனக்கு அனுப்புங்கள். வந்தவற்றை எண்ணி, 35 சதவீதம் சரியா என்று இதே பக்கத்தில் பார்ப்போம். அடுத்த வாரமும் திருவனந்தபுரம்தான்: 1875-இல் நாகமையா திருவிதாங்கூரின் 23 லட்சத்துச் சொச்சம் பேரை எண்ணிய கதை.