நடுகல்லும் பேச்சுவழக்கும்: இராசபாளையம் – திருவில்லிபுத்தூர் மலையடிவாரத்தை முன்வைத்து

முன்னுரை

இறந்தோர் நினைவாகவும் நில எல்லையாகவும் கல் நாட்டும் வழக்கம் தமிழகத்தில் ஈராயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்டது. இக்கற்கள் வடிவம், காலம், எழுத்தமைதி ஆகியவற்றால் வகைப்படுத்தப்பட்டு வருகின்றன. அவை மக்கள் பேச்சில் ஏற்படுத்திய தாக்கம் மொழியியல் நோக்கில் தனியே ஆராயத்தக்கது. நாட்டிய கல் சொற்களை நிலைபெறச் செய்கிறது என்பதையும், அதைப் பற்றிய பேச்சு அறுமாயின் கல்லின் பொருளும் மாறிவிடும் என்பதையும் இக்கட்டுரை விளக்குகிறது.

கல் என்னும் சொல்

இராசபாளையமும் திருவில்லிபுத்தூரும் மேற்குத் தொடர்ச்சி மலையின் கீழ்ச்சரிவை ஒட்டியவை. இம்மலைக்கு அப்பால் தேனி மாவட்டம், ஆண்டிப்பட்டி வட்டத்தில், வைகைக் கரையில் புலிமான்கோம்பை உள்ளது. அங்கு 2006-இல் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தமிழ்ப் பிராமி எழுத்துப் பொறித்த மூன்று நடுகற்களைக் கண்டறிந்தனர். அவற்றுள் ஒன்று ‘கல்’ என்னும் சொல்லுடன் தொடங்கி, ‘கூடல் ஊர் ஆகோள்’ என முடிகிறது. திண்டுக்கல் மாவட்டம் தாதப்பட்டி நடுகல்லின் பொறிப்பும் ‘கல்’ என்றே முடிகிறது. ‘நடு’ என்னும் அடையின்றிக் ‘கல்’ என்ற அளவிலேயே நினைவுக்கல் என்னும் பொருள் அன்று விளங்கியது என்பது இதனால் பெறப்படும். ஆநிரை கவர்தலைக் குறிக்கும் ‘ஆகோள்’ தொல்காப்பியத்தில் வெட்சித் துறைகளுள் ஒன்றாக வருவது. இலக்கணச் சொல்லும் ஊர்ப்புறக் கல்லின் சொல்லும் ஒன்றாயிருத்தல் குறிப்பிடத்தக்கது.

வாழ்த்தும் வாய்பாடும்

காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்து எனக் கல் நாட்டும் முறையைத் தொல்காப்பியப் புறத்திணையியல் ஆறு நிலைகளாகக் கூறும். இறுதி நிலை வாழ்த்து. கல்லை நட்டதோடு சடங்கு நிறைவுறுவதில்லை. அதன்முன் உரியவனைப் புகழ்ந்து பேசிய பின்னரே நிறைவுறுகிறது.

பிற்கால வட்டெழுத்து நடுகற்களில் ‘பட்டான் கல்’ என்னும் வாய்பாடு பெருவழக்காக உள்ளது. போரில் இறத்தலைக் குறிக்கும் ‘படுதல்’ இன்றைய அன்றாடப் பேச்சில் அப்பொருளில் வழங்குவதில்லை. எனினும் ‘பட்டவன்’ என்னும் தெய்வப்பெயரில் அப்பழம்பொருள் உயிருடன் இருக்கிறது. உடன்கட்டை ஏறிய பெண்ணைக் குறிக்கும் ‘தீப்பாய்ந்தம்மன்’ என்ற பெயரும் இத்தகையதே. நிகழ்வு மறந்த பின்னும் அதன் வினைச்சொல் வழிபாட்டுப் பெயருள் தங்கிவிடுகிறது.

எல்லைக்கல்லும் ஊர்ப்பெயரும்

நிலக்கொடை ஆவணங்களில் எல்லை வகுத்தலைக் ‘கல்லும் கள்ளியும் நாட்டி’ என்னும் தொடர் குறிக்கிறது. சிவன் கோயிலுக்குரிய தேவதான நிலத்தில் சூலக்கல்லும், திருமால் கோயிலுக்குரிய திருவிடையாட்ட நிலத்தில் திருவாழிக்கல்லும் நாட்டப்பெற்றன. எழுத்தறியாதாரும் குறியைக் கண்டு நிலத்தின் உரிமையைச் சொல்ல இயன்றது. இராசபாளையத்தை அடுத்துள்ள தேவதானம் என்னும் ஊரின் பெயர் இக்கொடைச் சொல்லையே தாங்கி நிற்கிறது.

பேச்சு அறும்போது

அகநானூறு நடுகல்லின் அழிவையும் பதிவு செய்துள்ளது. ஒரு பாடலில் (297), அம்பு தீட்டித் தேய்ந்த நடுகல்லின் எழுத்தை வழிச்செல்வோர் முற்றப் படிக்காமலே கடந்து போகின்றனர். மற்றொன்றில் (343), உப்பு வண்டியின் சக்கரம் பட்டுச் சிதைந்த கல்லின் எழுத்துகள், மறைந்தவை போக எஞ்சியவற்றால் படிப்போர்க்கு வேறு பொருள் தருகின்றன. முன்னதில் கல் பேச்சை இழக்கிறது. பின்னதில் பிழையான பேச்சைத் தோற்றுவிக்கிறது. இன்றைய களஆய்வாளர் எதிர்கொள்ளும் சிக்கல்களும் இவ்விரண்டே.

பேச்சுவழக்கில் ‘குத்துக்கல் மாதிரி’ என்னும் உவமை இரு பொருளில் வழங்குகிறது: கேட்டதற்கு மறுமொழி கூறாது நிற்பவரைச் சுட்டுவது ஒன்று, கண்ணெதிரே இருந்தும் பிறரால் பொருட்படுத்தப்படாதவர் தம்மைச் சுட்டிக்கொள்வது மற்றொன்று. கதை மறந்த கல்லின் நிலைக்கு இரண்டும் பொருந்தும்.

எழுத்துடைய கல் ஊரார் மறந்தாலும் ஓரளவு தன்னைத் தானே விளக்கும். எழுத்தில்லாத கல்லுக்கு ஊர்ப் பெரியோரின் வாய்மொழியே கல்வெட்டு. அதைச் சொல்வோர் மறைந்தபின் வீரனின் கல் எல்லைக்கல்லாகவும், எல்லைக்கல் வெறும் குத்துக்கல்லாகவும் கொள்ளப்படும். சாலை விரிவாக்கத்தின்போது முதலில் பெயர்த்தெடுக்கப்படுவது இவ்வாறு பெயரிழந்த கல்லே. தமிழோடு தெலுங்கும் வீட்டுமொழியாக வழங்கும் இராசபாளையப் பகுதியில் ஒரே கல்லுக்கு இரு மொழிகளில் பெயரும் கதையும் இருத்தல் கூடும். ஒன்றை மட்டும் கேட்டு எழுதும் பதிவு பாதிப் பதிவாகவே அமையும்.

முடிவுரை

நாட்டிய கல் பெயர்ச்சொல்லையும் வழிபாட்டுப் பெயரையும் ஆவண வாய்பாட்டையும் உவமையையும் தமிழுக்கு அளித்துள்ளது. ஆதலின் நடுகல் பதிவில் உயரம், அகலம், சிற்ப அமைதி ஆகியவற்றுடன், ஊரார் அதனை விளிக்கும் பெயர், வழிபடுவோர் கூறும் கதை, கதை கூறப்படும் மொழி, கூறுவோரின் தலைமுறை ஆகியனவும் இடம்பெற வேண்டும். கல்லைப் பின்னரும் அளக்கலாம். வாய்மொழியைக் கேட்பதற்கோ, அதைச் சொல்வோர் வாழும் காலம் மட்டுமே உண்டு.