விலை பிறக்கும் இடம் – 11: நியூயார்க்கில் ஒரு சென்ட்

கோவில்பட்டி, எட்டயபுரம், விளாத்திகுளம், ஓட்டப்பிடாரம் வட்டாரங்களில் மானாவாரிப் பருத்தி விதைப்பு புரட்டாசியில் தொடங்கும். வடகிழக்குப் பருவமழை ஏமாற்றாமல் பெய்தால் மாசி, பங்குனியில் பருத்தி எடுப்பார்கள். 2025இல் அந்த விதைப்புக்காகக் கரிசலை உழுது போட்டிருந்த நேரத்தில், பருத்தி மீதான 11 சதவீத இறக்குமதி வரியை மத்திய அரசு நீக்கியது. ஆகஸ்ட் 19 முதல் செப்டம்பர் 30 வரை என்றது முதல் அறிவிப்பு. ஆகஸ்ட் 27 அன்று, கூடுதலாக விதிக்கப்பட்ட 25 சதவீதமும் சேர்ந்து, ஆடைகள் உள்ளிட்ட இந்தியச் சரக்குகள் மீதான அமெரிக்க வரி 50 சதவீதமானது. மறுநாளே நம் வரிவிலக்கு டிசம்பர் 31 வரை நீட்டிக்கப்பட்டது. வாஷிங்டன் எடுத்த முடிவுக்கு டெல்லி ஒரு பதில் தேடியது. அந்தப் பதிலின் பாரம் கரிசல்காட்டுச் சம்சாரியின் தலையில் இறங்கியது.

பருத்தி விலை எப்படி இங்கு வந்து சேர்கிறது என்ற கணக்கை ஒருமுறை போட்டுப் பார்த்துவிடலாம். உலகம் முழுவதும் வியாபாரிகள் பார்ப்பது நியூயார்க் ஐசிஇ சந்தையின் முன்பேர விலையை. அங்கே ஒரு பவுண்டு பஞ்சுக்கு இத்தனை சென்ட் என்று பேசுவார்கள். நம் மில்காரர்கள் பேசுவது கண்டிக் கணக்கு. ஒரு கண்டி 356 கிலோ, அதாவது ஏறக்குறைய 785 பவுண்டு. ஆக, நியூயார்க்கில் ஒரு சென்ட் இறங்கினால் கண்டிக்கு 7 டாலர் 85 சென்ட் குறைகிறது. டாலர் 87 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் சுமார் 680 ரூபாய். ஒரு குவிண்டால் விதைப்பருத்தியை அரைத்தால் பஞ்சு 34 கிலோ அளவுக்குத் தேறும். அப்படியானால் சம்சாரியின் குவிண்டாலில் 65 ரூபாய் போகிறது. இடையில் தரகு, வண்டிக் கூலி, ஈரப்பதக் கழிவு எல்லாம் இருப்பதால் இந்தக் கணக்கு அன்றன்றைக்கே துல்லியமாகப் பலிக்காது. ஆனால் வரியில்லாமல் வெளிநாட்டுப் பஞ்சு துறைமுகத்தில் இறங்கத் தொடங்கிவிட்டால், உள்ளூர் விலை அந்த எண்ணை விட்டு வெகுதூரம் விலகி நிற்க முடியாது.

இதில் ஒரு சங்கதியை அழுத்திச் சொல்ல வேண்டும். நியூயார்க்கின் அந்த முதன்மை ஒப்பந்தத்தில் ஒப்படைக்கத் தகுந்தது அமெரிக்காவில் விளைந்த பருத்தி மட்டுமே. ஒப்படைக்கும் கிடங்குகள் இருப்பதும் டெக்சாஸ், டென்னசி போன்ற அமெரிக்க மாநிலங்களில்தான். கோவில்பட்டிக் கருங்கண்ணிப் பருத்திக்கு அங்கே இடமே கிடையாது. அமெரிக்காவின் மழை, அமெரிக்காவின் கையிருப்பு, அமெரிக்க அரசு தன் விவசாயிக்குக் கொடுக்கும் மானியம், இவற்றையெல்லாம் வைத்துப் பிறக்கும் எண்ணைத்தான் நாம் ‘உலகச் சந்தை விலை’ என்று ஏற்றுக்கொண்டிருக்கிறோம்.

இந்தப் பிணைப்புக்கு வயது நூற்று அறுபதுக்கு மேல். 1861இல் அமெரிக்க உள்நாட்டுப் போர் மூண்டு அங்கிருந்து பஞ்சு வரத்து நின்றபோது, இங்கிலாந்தின் லிவர்பூல் சந்தை இந்தியாவின் பக்கம் திரும்பியது. ‘டின்னவெல்லி’ என்ற பெயரில் நம் கரிசல் பருத்தியும் தூத்துக்குடியிலிருந்து கப்பலேறியது. விலை பல மடங்கு ஏறியது. 1865இல் போர் முடிந்ததும் சரிந்தது. அந்தச் சரிவில் பம்பாயின் பெரும் வியாபார வீடுகளும் பேங்க் ஆஃப் பாம்பேயும் குலைந்தன. அப்போது எல்லைவரியை முடிவுசெய்யும் உரிமை நம் கையில் கிடையாது. மாறாக, லங்காஷயர் ஆலைகளின் மனம் கோணக்கூடாது என்று 1896இல் இந்திய ஆலைத் துணிக்கே மூன்றரை சதவீத உற்பத்தி வரி போட்டார்கள். அது ஒழிய 1926 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஓட்டப்பிடாரத்தில் பிறந்த வ.உ.சி. 1906இல் சுதேசிக் கப்பல் கம்பெனி தொடங்கியதும், 1908இல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்களோடு நின்றதும் இந்தக் காலத்தில்தான். துறைமுகத்தில் எது ஏறலாம், எது இறங்கலாம் என்று முடிவுசெய்யும் உரிமை நம் கையில் இருக்க வேண்டும் என்பதே வ.உ.சி. போன்றவர்கள் கேட்டது.

உரிமை வந்தது. கூடவே உலக வர்த்தக அமைப்பும் வந்தது. அமெரிக்கப் பருத்தி மானியத்தை எதிர்த்து 2002இல் பிரேசில் அங்கே வழக்குப் போட்டது. 2005இல் மேல்முறையீட்டிலும் வென்றது. அமெரிக்கா மானியத்தை ஒழுங்காக நிறுத்தவில்லை. பதிலடி வரி விதிக்க 2009இல் பிரேசிலுக்கு அனுமதி கிடைத்தது. அமெரிக்க மருந்துகளின் காப்புரிமையில்கூடக் கைவைக்கலாம் என்ற நிலை. பிறகுதான் அமெரிக்கா இறங்கி வந்தது, அதுவும் பணத்தோடு. ஆண்டுக்கு 14 கோடியே 73 லட்சம் டாலர் பிரேசில் பருத்தித் துறைக்குத் தருவதாக 2010இல் ஏற்பாடு. 2014இல் மேலும் 30 கோடி டாலர் தந்து வழக்கை முடித்துக்கொண்டார்கள். அமெரிக்க விவசாயிக்கும் மானியம், பிரேசிலின் வாயை அடைக்கவும் பணம்! 2003 கான்கூன் மாநாட்டில் இதே குறையைச் சொன்ன பெனின், புர்கினா ஃபாசோ, சாட், மாலி ஆகிய ஏழை ஆப்பிரிக்க நாடுகளுக்குப் பதிலடி கொடுக்கும் பலம் இல்லை. அவர்கள் இன்னும் கேட்டுக்கொண்டேதான் இருக்கிறார்கள். புதிய நீதிபதிகளை நியமிக்க அமெரிக்கா சம்மதிக்காததால், 2019 டிசம்பரிலிருந்து அந்த மேல்முறையீட்டு மன்றமே முடங்கிக் கிடக்கிறது.

சர்வதேச அமைப்பு கைவிட்டது. சரி, நம் அரசின் கையில் இருக்கும் அதிகாரம் என்ன ஆனது? அது யாருக்குச் சாதகமாக ஓடிவந்திருக்கிறது என்பதைப் பார்க்க வேண்டும். 2010 ஏப்ரலில் விலை ஏறியபோது பருத்தி ஏற்றுமதியை நிறுத்தினார்கள். 2012 மார்ச் 5 அன்று மறுபடியும் தடை. அன்றைய விவசாய அமைச்சர் சரத் பவாரே தன்னைக் கலக்கவில்லை என்று குமுறினார். 2021 பட்ஜெட்டில் 11 சதவீத இறக்குமதி வரி வந்தது. 2022இல் கண்டி லட்சம் ரூபாயை நோக்கி ஏறிக்கொண்டிருந்தபோது, தமிழ்ப் புத்தாண்டு நாளில், அந்த வரி தற்காலிகமாக விலக்கப்பட்டது. சம்சாரிக்கு நாலு காசு கூடுதலாகக் கிடைக்கும் நேரத்தில் எல்லைக் கதவை மூடவும் தெரிகிறது, திறக்கவும் தெரிகிறது. விலை விழும்போது அந்த வேகம் இல்லை. 2025இல் விலை மந்தமாக இருந்த நேரத்தில்தான் வரி நீங்கியது.

பஞ்சு மலிவாகக் கிடைக்க வேண்டும் என்று திருப்பூர்க்காரர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. நாட்டிலேயே அதிக நூற்பாலைகள் தமிழ்நாட்டில்தான். பருத்தி விளைச்சலோ சொற்பம். பஞ்சு விலை ஏறினால் பனியன் கம்பெனித் தையல்காரரின் வேலை போகும். அதனால்தான் வரியை நீக்கச் சொல்லித் தமிழ்நாடு அரசே 2022இல் டெல்லிக்குக் கடிதம் எழுதியது. அவர்களைக் காப்பாற்ற வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அமெரிக்க வரியால் ஆர்டர் போன ஆலைகளுக்கு வட்டிச் சலுகையோ ஏற்றுமதி உதவியோ அரசு கஜானாவிலிருந்து கொடுக்கலாம். அந்தச் செலவை மழையை நம்பி விதைக்கிறவரின் குவிண்டாலில் பிடிக்கக் கூடாது என்கிறேன்.

நடுத்தர இழைப் பருத்திக்கு 2025-26இல் அறிவித்த ஆதரவு விலை குவிண்டாலுக்கு 7,710 ரூபாய். அதை வாங்க இந்தியப் பருத்திக் கழகத்தின் கொள்முதல் நிலையம் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தால்தான் அது விலை. இல்லாத ஊரில் கமிஷன் கடை சொல்வதே கடைசி வார்த்தை. வடக்கே ஐப்பசியில் வரத்து தொடங்கும்போது கழகம் களத்தில் இறங்குகிறது. நமக்கோ மாசியில்தான் பருத்தி வெடிக்கிறது. டிசம்பர் வரை வரியில்லாமல் வந்திறங்கிய பஞ்சை ஆலைகள் கிடங்கில் அடுக்கிக்கொண்ட பிறகு, பங்குனியில் மூட்டையோடு போகிறவருக்குப் பேரம் பேச என்ன இருக்கும்?

பருத்தி மீதான வரி கூடுமா குறையுமா என்பதை ஆடி முடிவதற்குள், விதைப்புக்கு முன்பே அரசு அறிவிக்க வேண்டும். அறிவித்ததை அறுவடை முடியும்வரை மாற்றக் கூடாது. கோவில்பட்டி, விளாத்திகுளம் ஒழுங்குமுறை விற்பனைக்கூடங்களில் மாசி முதல் சித்திரை வரை பருத்திக் கழகம் கொள்முதல் செய்ய வேண்டும். இந்த இரண்டுக்கும் உலக வர்த்தக அமைப்பின் அனுமதியோ வாஷிங்டனின் சம்மதமோ தேவையில்லை. டெல்லியில் ஒரு கையெழுத்து போதும்.

(அடுத்த வாரம்: தூத்துக்குடியில் இறங்கும் மியான்மர் உளுந்து)