கருமணலில் சிறைபட்ட உலோகம்

பூமியின் மேலோட்டில் செம்பைவிட ஏறத்தாழ நூறு மடங்கு அதிகமாக டைட்டானியம் இருக்கிறது. தனிமங்களை அளவுப்படி வரிசைப்படுத்தினால் அதற்கு ஒன்பதாவது இடம். ஆனால் செம்பு பாத்திரக் கடையில் குடமாகவும் அண்டாவாகவும் எடைபோட்டு விற்கிறது. டைட்டானியமோ விமான எஞ்சினுக்குள்ளும், அறுவைச் சிகிச்சையில் பொருத்தப்படும் செயற்கை மூட்டிலும்தான் பெரும்பாலும் தென்படுகிறது. தென்கடற்கரை மணலைப் பற்றிய செய்திகளில் இதற்கு ‘அரிய உலோகம்’ என்ற பட்டம் தவறாமல் கிடைக்கும். மண்ணில் இருக்கும் அளவை வைத்துப் பார்த்தால் அந்தப் பட்டம் பொருந்தாது. ஓர் உலோகத்தை அரிதாக்குவது அது எவ்வளவு கிடக்கிறது என்பதல்ல, ஆக்சிஜனிடமிருந்து அதைப் பிரிக்க எவ்வளவு செலவாகிறது என்பதுதான். டைட்டானியத்தின் வரலாறு முழுக்க இந்தப் பிரிவினையின் வரலாறு.

1791இல் இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதியில் வில்லியம் கிரெகர் என்ற பாதிரியார், மனாக்கன் பள்ளத்தாக்கின் ஓடையில் கிடந்த கரிய மணலை ஆராய்ந்தார். காந்தத்தோடு ஒட்டிய அந்த மணலில் இரும்பு இருந்தது. அதோடு அதுவரை யாரும் விவரித்திராத இன்னோர் உலோகத்தின் ஆக்சைடும் இருந்தது. அதைக் கந்தக அமிலத்தில் கரைத்தால் கரைசல் மஞ்சளாக நின்றது. துத்தநாகமோ இரும்போ சேர்த்தால் ஊதாவாக மாறியது. நான்கு ஆண்டுகள் கழித்து, பெர்லினில் மார்ட்டின் கிளாப்ரோத் ரூட்டைல் என்ற கனிமத்தில் அதே பொருளைத் தனியாகக் கண்டுபிடித்து, கிரேக்கப் புராணத்தின் டைட்டன்களை நினைத்துப் பெயர் வைத்தார். இருவருமே உலோகத்தைக் கண்ணால் பார்க்கவில்லை. ஓரளவு தூய டைட்டானியம் கைக்கு வந்தது 1910இல்தான். அமெரிக்காவில் மேத்யூ ஹன்டர் எஃகுக் கலத்துக்குள் டைட்டானியம் டெட்ராகுளோரைடைச் சோடியத்தோடு சேர்த்துச் சூடாக்கி எடுத்தார். கண்டுபிடித்தவர் யார் என்ற கேள்விக்குப் பாடப்புத்தகம் கிரெகர் என்கிறது. அது நியாயம்தான், புதிய தனிமம் என்று அடையாளம் கண்டவர் அவரே. ஆனால் அந்த விடை, நடுவில் கழிந்த 119 ஆண்டுகளை மறைத்துவிடுகிறது.

ஏன் இவ்வளவு காலம்? இரும்பை உருக்க மனிதனுக்குக் கரி போதுமாக இருந்தது. இரும்புத் தாதுவிலுள்ள ஆக்சிஜனைக் கரி இழுத்துக்கொள்ளும், இரும்பு மிஞ்சும். டைட்டானியம் ஆக்சைடைக் கரியோடு உலையில் போட்டால் கரியே உலோகத்தோடு கூடிக் கார்பைடு ஆகிவிடும். சூடான டைட்டானியம் காற்றிலிருந்து ஆக்சிஜனையும் நைட்ரஜனையும் உறிஞ்சிக்கொள்ளும். கொஞ்சம் அதிகமாக உறிஞ்சினாலே தட்டினால் உடையும் சரக்காகிவிடும். லக்சம்பர்க்கைச் சேர்ந்த வில்லியம் குரோல் 1930களில் உருவாக்கி, 1940இல் அமெரிக்காவுக்குப் போன பிறகு அங்கே வளர்த்தெடுத்த முறைதான் இன்றும் உலகின் பெரும்பாலான டைட்டானியத்தைத் தருகிறது. தாதுவை முதலில் குளோரினோடு சேர்த்து டெட்ராகுளோரைடு ஆக்குகிறார்கள். நிறமற்ற திரவம் அது. ஈரக்காற்று பட்டவுடன் அடர்ந்த வெண்புகையைக் கக்கும், போரில் புகைத்திரை போடவும் பயன்பட்டது. வடித்துச் சுத்தம் செய்த இந்தத் திரவத்தை, ஆர்கான் வாயு நிரப்பிய எஃகுக் கலனில் சுமார் 800 டிகிரிக்கு மேல் உருகிய மெக்னீசியத்தின் மேல் சிறிது சிறிதாக விடுகிறார்கள். மெக்னீசியம் குளோரினைப் பிடுங்கிக்கொள்கிறது. மிஞ்சும் உப்பை வெற்றிடத்தில் ஆவியாக்கி வெளியேற்றிக் கலனை ஆறவிட, நாட்கள் பிடிக்கும். உள்ளே சுவரோடு ஒட்டி, துளைகள் நிறைந்த சாம்பல் நிறக் கட்டியாக டைட்டானியம் உட்கார்ந்திருக்கும், பெயரே ‘ஸ்பாஞ்ச்’. அதை வெட்டி நொறுக்கி, மறுபடி வெற்றிட உலையில் உருக்கினால்தான் வார்ப்புக்கட்டி. ஓர் ஈடு முடிந்த பிறகே அடுத்த ஈடு. ஊது உலையில் இரும்பு நிற்காமல் ஓடுவதுபோல இங்கே எதுவும் ஓடாது.

அலுமினியமும் ஒரு காலத்தில் தங்கத்துக்கு நிகராக மதிக்கப்பட்டதுதானே, இன்று அது வீட்டுச் சட்டியாகிவிட்டதே என்று கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். 1886இல் ஹால், ஹெரூ என்ற இருவர், உருகிய கிரையோலைட்டில் அலுமினியம் ஆக்சைடைக் கரைத்து மின்சாரம் பாய்ச்சினார்கள், விலை சரிந்தது. ஆனால் அங்கே ஒரு சாதகம் இருந்தது: அலுமினியம் 660 டிகிரியிலேயே உருகித் திரவமாகத் தொட்டியின் அடியில் சேர்ந்துவிடும். டைட்டானியம் உருக 1668 டிகிரி வேண்டும். அதனால் அது உப்புத் தொட்டியில் திரவமாகச் சேராமல், மரக்கிளைபோல் கிளைத்த திடப் படிகங்களாக மின்வாயில் ஒட்டுகிறது. உப்பையும் கூடவே பிடித்துக்கொள்கிறது. போதாக்குறைக்கு உப்பில் அதன் அயனிகள் ஒரே வடிவில் நிற்காமல் மாறி மாறி மின்சாரத்தை வீணாக்கும். 2000ஆம் ஆண்டில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், ஆக்சைடையே திடமாக வைத்து ஆக்சிஜனை மின்சாரத்தால் உறிஞ்சும் வழியை வெளியிட்டபோது பெரிய எதிர்பார்ப்பு எழுந்தது. கால் நூற்றாண்டு கடந்தும் குரோலின் கலன்களை அது ஓரங்கட்டவில்லை. அலுமினியத்தின் கதை நம்பிக்கை தரலாம், உத்தரவாதம் தராது.

நம் கடற்கரைக்கு இந்தப் பிரிக்கும் சிக்கல் நேரடியாகப் பொருந்துகிறது. ஷாம்பெர்க் என்ற ஜெர்மானியர் 1909இல், திருவிதாங்கூரிலிருந்து போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட் என்ற கனிமத்தைக் கண்டார். கேஸ் விளக்கின் மேன்டிலுக்கு அதிலுள்ள தோரியம் தேவைப்பட்டதால் மணவாளக்குறிச்சியில் மணல் அள்ளத் தொடங்கினார்கள். கூடவே குவிந்த, டைட்டானியம் அடங்கிய கரிய இல்மனைட்டுக்கு மதிப்பு வந்தது, வெள்ளைச் சாயத்தால். டைட்டானியம் டை ஆக்சைடின் ஒளிவிலகல் எண் வைரத்தையும் மிஞ்சும். அதனால் மெல்லிய பூச்சே சுவரை மறைத்துவிடும். அதற்கு முன் சுவரை வெளுப்பாக்கிய ஈய வெள்ளை நஞ்சு. இன்றும் தோண்டும் டைட்டானியத் தாதுவில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் போவது பெயின்ட், பிளாஸ்டிக், காகிதம் ஆகியவற்றின் வெண்மைக்குத்தான். அப்படியானால் உலோகமாக்கவில்லையே என்று எதற்கு வருத்தம், வெண்பொடியும் பணம்தானே என்பது இன்னொரு வாதம். உண்மை. ஆனால் மணலாக விற்பவருக்குக் கிடைப்பது மணலின் விலை. கொல்லம் அருகே சவரவில் கேரள அரசு நிறுவனம், ஐதராபாத்தின் பாதுகாப்பு உலோகவியல் ஆய்வகம் தந்த தொழில்நுட்பத்தில், விக்ரம் சாராபாய் விண்வெளி மையத்தின் நிதியுதவியோடு 2011இல் ஸ்பாஞ்ச் தயாரிக்கத் தொடங்கியது. அதன் திறன் ஆண்டுக்கு 500 டன். உலகம் ஆண்டுக்குச் சில லட்சம் டன் ஸ்பாஞ்ச் தயாரிக்கிறது, அதில் பாதிக்கு மேல் சீனாவில். நம்மிடம் குறைவது மணல் அல்ல. 2013இல் தமிழக அரசு தாதுமணல் எடுப்பை நிறுத்தியபோது எழுந்த விவாதம் முழுவதும் எவ்வளவு அள்ளினார்கள் என்பதைச் சுற்றியே நடந்தது. அது அவசியமான கேள்வி, ஆனால் அள்ளியதை வைத்து என்ன செய்தோம் என்பதை யாரும் அதே அளவு உரக்கக் கேட்கவில்லை.

இவ்வளவு பாடுபட்டு எடுக்க அந்த உலோகத்தில் என்ன இருக்கிறது? எஃகின் வலிமை, அதில் சுமார் 60 சதவீத எடை. ஆக்சிஜன் மீது அதற்குள்ள அதே பசி, அதன் மேற்பரப்பில் மெல்லிய, தானே ஆறிக்கொள்ளும் ஆக்சைடுத் தோலை வளர்த்து உப்புநீரிலும் உடலின் திரவத்திலும் அதைக் காக்கிறது. சுவீடனின் பிரோனெமார்க் 1950களில் முயலின் எலும்பில் வைத்த டைட்டானியம் எலும்போடு பிரிக்க முடியாதபடி ஒட்டிக்கொண்டதைக் கண்டதிலிருந்து பல் இம்பிளான்ட் வந்தது. கார்பன் இழைக் கூட்டுப்பொருளோடு தொட்டால் அலுமினியம் அரித்துப்போகும், டைட்டானியம் அரித்துப்போகாது. போயிங் 787இன் எடையில் 15 சதவீதம் அளவுக்கு அது ஏறியதற்கு இதுவும் காரணம். விமானப் பாகம் செய்யும்போது விலை கொடுத்து வாங்கிய உலோகத்தில் பெரும்பங்கு கடைசலில் சுருள் சுருளாகச் சீவப்பட்டுக் கழிவுக்குப் போகிறது. பொடியையோ கம்பியையோ லேசரால் அடுக்கடுக்காக உருக்கி, வேண்டிய வடிவத்தையே நேரடியாக வளர்க்கும் முறையில் இப்போது பணம் கொட்டப்படுவது அதனால்தான்: ஆக்சிஜனிடமிருந்து மலிவாகப் பிரிக்க வழி தெரியாத வரை, பிரித்ததைச் சீவி எறியாமல் இருப்பதே கைக்கெட்டும் சேமிப்பு.