எந்த ஊருங்க, யாரு வீடுங்க?

1980களில் தமிழ் இதழ்கள் பலவற்றில் பேனா நண்பர் பகுதி இருந்தது. பெயர், வயது, படிப்பு, பொழுதுபோக்கு, கதவு எண்ணோடு முழு முகவரி எல்லாம் அச்சாகும். கோபியிலிருந்தோ தாராபுரத்திலிருந்தோ ஒரு பள்ளி மாணவன் 15 பைசா அஞ்சலட்டையில் எழுதிப் போட்ட விவரம், முகமறியாத ஆயிரக்கணக்கானோர் கைக்குப் போகும். வீட்டில் யாரும் பதறவில்லை. பதில் வந்தால் தபால்காரர் கையால்தான் வரவேண்டும். அதையும் பெரும்பாலும் அப்பா படித்த பிறகே பிள்ளை படிக்கும்.

கொங்குப் பகுதியில் தன்னைப் பற்றிச் சொல்வது மரியாதையின் முதல் பாடம். பேருந்தில் பக்கத்தில் உட்காரும் பெரியவர் ‘எந்த ஊருங்க கண்ணு, யாரு வீடுங்க?’ என்று கேட்பார். ஊர், அப்பா பெயர், கூட்டம் என்கிற குலப்பிரிவு, குலதெய்வம் என்று வரிசையாகச் சொல்லவேண்டும். நழுவினால் வளர்ப்பு சரியில்லை என்பார்கள். கேட்டவரும் உடனே தன் ஊரைச் சொல்வார். இரண்டு பேருக்கும் தெரிந்த ஓர் உறவுக்காரர் அகப்படுவார். ஒருவரை அறிந்தவர் தன்னையும் அறியக் கொடுத்தார். அந்தக் கேள்வி சாதியையும் சேர்த்தே விசாரித்தது என்பதை மறைப்பதற்கில்லை. ஆனாலும் விவரம் போய்ச் சேர்ந்த இடம் கண்ணுக்குத் தெரிந்தது.

2004இல் ஆர்குட் வந்தபோது கோவை காந்திபுரத்து பிரவுசிங் சென்டர்களில் மணிக்கணக்குக் காசு கொடுத்து உட்கார்ந்தவர்கள், அதே பழக்கத்தில்தான் ஊர், பள்ளி, பிறந்த நாள் எல்லாவற்றையும் நிரப்பினார்கள். 2011இல் அரசின் இலவச மடிக்கணினி பிளஸ் டூ வகுப்புக்கு வந்தது. 2016இல் ஜியோ வந்து இணையத்தின் விலை சரிந்தது. 2020 ஊரடங்கில் ஆன்லைன் வகுப்புக்கென்று திருப்பூர் பனியன் தொழிலாளியின் வீட்டிலும் பிள்ளை கைக்கு போன் போனது. கருவி ஒவ்வொரு படியாக வந்தது. பாடம் கூடவே வரவில்லை. வீட்டில் கிடைத்த ஒரே பாடம், ‘போனத் தொடாதே.’ அதுவும் பெரும்பாலும் பெண் பிள்ளைகளுக்கு.

அந்தப் பாடம் எவ்வளவு போதாதது என்பதைப் பொள்ளாச்சி காட்டியது. 2019 பிப்ரவரியில் ஒரு கல்லூரி மாணவி கொடுத்த புகாரிலிருந்து, சமூக ஊடகத்தில் நட்பாகப் பேசிப் பெண்களை வரவழைத்து, வீடியோ எடுத்து மிரட்டிய கூட்டம் வெளிப்பட்டது. மிரட்டலுக்கு வலு சேர்த்தது வீடியோ மட்டுமல்ல, வீட்டுக்குத் தெரிந்தால் என்ன ஆகும் என்ற பயமும்தான். பிறகு நடந்தது அதைவிடக் கசப்பு. மாவட்டக் காவல்துறையின் உயர் அதிகாரியே செய்தியாளர்களிடம் அந்தப் பெண்ணின் பெயரைச் சொன்னார். வழக்கை சிபிஐக்கு மாற்றிய அரசாணையிலும் பெயர் இருந்தது. பாலியல் வன்கொடுமையால் பாதிக்கப்பட்டவரின் அடையாளத்தை வெளியிடுவதை 1983 முதலே சட்டம் குற்றமாக வைத்திருக்கிறது. அந்த மாணவிக்கு 25 லட்சம் ரூபாய் இழப்பீடு தர உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டது. 2025 மே 13 அன்று கோவை மகளிர் நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்ட 9 பேருக்கும் சாகும்வரை ஆயுள் தண்டனை விதித்தது. சாட்சி சொன்னவர்களில் ஒருவர்கூடப் பிறழவில்லை. இந்த ஊர்ப் பெண்களின் அந்தத் துணிவு எனக்குத் தீர்ப்பைவிடப் பெரிதாகப் படுகிறது.

2022இல் கோவை மாநகரக் காவல்துறை ‘போலீஸ் அக்கா’ திட்டத்தைத் தொடங்கியது. கல்லூரிக்கு ஒரு பெண் காவலர், மாணவிகள் தயங்காமல் பேச. அதே ஆண்டில் மாவட்டக் காவல்துறையின் ‘பள்ளிக்கூடம்’ விழிப்புணர்வுத் திட்டம் கிராமப்புறப் பள்ளிகளுக்குப் போனது. முன்பு இப்படி ஒரு தொல்லை வந்தால் காவல் நிலையப் படியேறும் வீடு அரிது. இன்று அண்ணன் வயசுப் பையனின் மிரட்டலை ‘அக்கா’ என்று கூப்பிட்டுச் சொல்ல ஆள் இருக்கிறது. இணையக் குற்றத்துக்கு 1930, குழந்தைகள் உதவிக்கு 1098 என்று எண்கள் இருக்கின்றன. இதைச் சிறிய லாபம் என்று நான் சொல்லமாட்டேன்.

சூலூர்ப் பக்கம் ஓர் அரசுப் பள்ளியில், கம்ப்யூட்டர் டீச்சர் ஒன்பதாம் வகுப்புக்குப் பாடம் எடுப்பதைப் பார்த்தேன். அறிவுரை ஒன்றும் இல்லை. மாதிரிக்கு எடுத்த ஒரு செல்ஃபியைத் திரையில் போட்டு, ‘இதுல என்னென்ன தெரியுது, எழுதுங்க’ என்றார். சீருடை, கழுத்து அட்டையில் பள்ளிப் பெயர், பின்னால் டியூஷன் சென்டர் போர்டு, ஸ்கூட்டியின் நம்பர் பிளேட், சாயும் வெயிலை வைத்து நேரம். பிள்ளைகள் எழுதிக்கொண்டே போனார்கள். அடுத்தது ஒரு குலதெய்வக் கோயில் படம். இதில் என்ன இருக்கிறது என்று ஒரு பையன் கேட்டான். டீச்சர் பொறுமையாகப் பிரித்துக் காட்டினார்: எந்தக் கூட்டம், எந்த ஊர்க்காரர், இன்றைக்கு வீட்டில் ஆள் இல்லை என்பதுவரை. கோயில் பெயரோடு பிறந்த வருஷத்தைச் சேர்த்துப் பாஸ்வேர்டு வைத்திருப்பவர்கள் மாற்றிக்கொள்ளுங்கள் என்றதும் வகுப்பில் பலர் தலை குனிந்தார்கள். பெருமையோடு சொல்லப் பழக்கிய அதே விவரங்களை இனி அடக்கி வைக்கப் பழக்குகிறோம். வேறு வழியில்லை, ஆனால் மனசுக்கு உறுத்துகிறது.

பிள்ளைகள் சீக்கிரம் கற்றுக்கொள்கிறார்கள். பெரியவர்களைப் பற்றித்தான் கவலை. அன்று பெண் பூப்படைந்த திரட்டிச் சீருக்கு மஞ்சள் தடவிய பத்திரிகையை வீடு வீடாகப் போய்க் கொடுத்தார்கள். நூறு வீடு, நூறும் தெரிந்த வீடு. இன்று பெண்ணின் படத்தோடு ஃபிளெக்ஸ் ரோட்டோரம் நிற்கிறது; அதே படம் மாமன், சித்தப்பா என்று அத்தனை பேர் ஸ்டேட்டஸிலும் ஓடுகிறது. அன்று தேர்வு முடிவு நாளிதழில் வரும்போது வெறும் எண்ணாகத்தான் வந்தது. எண் தெரிந்தவருக்கு மட்டுமே அது பிள்ளை. பிறகு முதல் மதிப்பெண் எடுத்தவரின் படமும் பெயரும் ஊரெல்லாம் நின்றன. 2017இல், கோபிக்காரரான கே.ஏ. செங்கோட்டையன் கல்வி அமைச்சராக இருந்தபோது, ரேங்க் அறிவிப்பதை அரசு நிறுத்தியது. தனியார் பள்ளிகளின் பேனர் மட்டும் இறங்கவில்லை.

2023இல் வந்த டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயது நிரம்பாதவரின் விவரத்தை வாங்கப் பெற்றோர் சம்மதம் வேண்டும் என்கிறது. 2025 நவம்பரில் விதிகள் வெளியாயின. இந்தக் கடமைகள் நடைமுறைக்கு வர 18 மாத அவகாசம். அதுவரை, பிறந்த வருஷத்தைக் கொஞ்சம் பின்னுக்குத் தள்ளிப் போட்டால் எந்தப் பிள்ளைக்கும் கணக்கு கிடைக்கும்.

அன்றைக்கு வகுப்பு முடியும்போது ஒரு பெண் எழுந்து, ‘மிஸ், எங்க அப்பா ஸ்டேட்டஸ்ல வெக்கறத எப்படீங்க நிறுத்தச் சொல்றது?’ என்று கேட்டாள். டீச்சர் உடனே பதில் சொல்லவில்லை. அடுத்த பெற்றோர் கூட்டத்தில் அந்த இரண்டு படங்களையும் அவர்களுக்குப் போட்டுக் காட்டுவதாகச் சொன்னார். அப்பாமார்களும் கண்டிப்பாக வரவேண்டும் என்று டைரியில் எழுதிக்கொண்டு போகச் சொன்னார்.